ஓடினால் மட்டும் போதுமா?

கிள்ளானில் உள்ள ஒரு மரத்தளவாடத் தொழிற்சாலையைக் கற்பனை செய்து கொள்வோம். அங்கே சாயம் தெளிக்கும் துப்பாக்கிக்கும் ஆணி அடிக்கும் கருவிக்கும் காற்றழுத்தியிலிருந்துதான் காற்று வருகிறது. காற்றழுத்தி என்பது நாம் பேச்சு வழக்கில் கம்ப்ரசர் என்று சொல்லும் இயந்திரம். அதன் மோட்டார் கடந்த வாரம் எரிந்துபோனது. பட்டறையில் புதிய கம்பிச்சுருள் சுற்றப்பட்டு, இன்று காலை அது மீண்டும் பொருத்தப்பட்டிருக்கிறது. மூத்த தொழில்நுட்பர் ஒருவரும் அவரிடம் வேலை பழகும் இளைஞர் ஒருவரும் இயந்திரத்தின் அருகே நிற்கின்றனர்.

இளைஞர் பொத்தானை அழுத்துகிறார். மோட்டார் ஓடுகிறது. அழுத்தமானியின் முள் மெல்ல ஏறுகிறது.

“அண்ணே, காற்று ஏறுகிறது. வேலை முடிந்தது!”

“காற்று ஏறுவது இருக்கட்டும், தம்பி. சக்கரம் எந்தப் பக்கம் சுற்றுகிறது, பார்த்தாயா?”

“எந்தப் பக்கம் சுற்றினால் என்ன, அண்ணே? முள் ஏறுகிறதே!”

பெரியவர் பதில் சொல்லவில்லை. நிறுத்தும் பொத்தானை அழுத்தினார். வேகம் குறைந்து சக்கரம் நிற்கப்போகும் வேளையில், வார்ப்பட்டையை மூடியிருந்த கம்பிவலைக் காப்பின்மேல் இருந்த சிவப்பு அம்புக்குறியைச் சுட்டிக் காட்டினார். அம்பு ஒரு பக்கம் காட்டியது. சக்கரமோ அதற்கு நேர் எதிர்ப்பக்கம் சுற்றிக்கொண்டிருந்தது.

இயந்திரம் ஓடியது, காற்றும் வந்தது. ஆனாலும் அது தவறாக ஓடியது. இத்தவறு எப்படி நேர்கிறது? அதனால் என்ன கேடு விளையும்? அதை எவ்வாறு கண்டறிந்து திருத்துவது?

காற்றும் ஒரு கருவி

கிள்ளான் பள்ளத்தாக்கில் அழுத்தப்பட்ட காற்று இல்லாமல் இயங்கும் தொழிற்சாலைகள் மிகக் குறைவு. ஷா ஆலாமில் வாகன உதிரிப் பாகங்களைப் பொருத்தும் கருவிகள் காற்றால் இயங்குகின்றன. இரப்பர்க் கையுறைத் தொழிற்சாலைகளில் கையுறைகளை அச்சிலிருந்து கழற்றவும் காற்று உதவுகிறது. உணவுப் பொட்டலம் கட்டும் இயந்திரம், அச்சகம், கார் பட்டறை, டயர் கடை என எங்கு நோக்கினும் காற்றழுத்தி உண்டு. கார் டயரில் இருக்கும் காற்றின் அழுத்தம் 2 பாருக்குச் சற்று அதிகம். தொழிற்சாலைக் குழாய்களில் ஓடும் காற்றின் அழுத்தமோ பொதுவாக 7 பார் அளவில் இருக்கும்.

டயர் கடைகளில் உள்ள சிறிய காற்றழுத்திகள் பல, வீட்டுக்கு வரும் ஒருமுனை மின்சாரத்தில் இயங்குபவை. தொழிற்சாலைகளில் உள்ள பெரிய காற்றழுத்திகளை மும்முனை மின்சாரத்தில் ஓடும் மோட்டார்களே இயக்குகின்றன. சுழலும் திசை மாறிப்போகும் சிக்கல் பெரும்பாலும் இந்த மும்முனை மோட்டார்களில்தான் எழுகிறது.

ரவாங் முதல் இன்றுவரை

நம் நாட்டில் மின்சாரத்தின் வரலாறு தொழிலோடு பிணைந்தே தொடங்கியது. 1894ஆம் ஆண்டில் தம்புசாமிப் பிள்ளையும் லோக் இயூவும் சிலாங்கூரில் உள்ள ரவாங்கில் தங்கள் ஈயச் சுரங்கத்திற்காக ஒரு மின்னாக்கியை நிறுவினர். பத்துமலை முருகன் திருத்தலத்தை உருவாக்கியவராக நாம் அறியும் அதே தம்புசாமிப் பிள்ளைதான் இவர்.

ஏறத்தாழ அக்காலத்தில்தான் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் இன்றைய மோட்டாரும் பிறந்தது. இத்தாலியரான கலிலியோ பெராரிஸ் 1885இல் சுழலும் காந்தப்புலத்தைச் செய்து காட்டினார். 1888இல் நிக்கோலா டெஸ்லா அத்தகைய மோட்டாருக்கு அமெரிக்காவில் காப்புரிமை பெற்றார். 1889இல் மிகாயில் தொலிவோ தொப்ரவோல்ஸ்கி மூன்று கம்பிகளில் வரும் மின்சாரத்தில் ஓடும் மோட்டாரை உருவாக்கினார். இன்று கிள்ளான் தொழிற்சாலைகளில் ஓடும் பெரும்பாலான மோட்டார்கள் அந்த மோட்டாரின் வழிவந்தவையே.

திசை மாறுவது ஏன்?

மும்முனை மின்சாரம் மூன்று கம்பிகளில் வருகிறது. மலேசியாவில் இவற்றைச் சிவப்பு, மஞ்சள், நீலம் ஆகிய நிறங்களால் அடையாளப்படுத்துகின்றனர். எந்த இரண்டு கம்பிகளுக்கு இடையிலும் 400 வோல்ட் மின்னழுத்தம் இருக்கும். ஒவ்வொரு கம்பியிலும் மின்சாரம் ஒரு நொடிக்கு 50 முறை ஏறி இறங்குகிறது. ஆனால், மூன்றும் ஒரே நேரத்தில் உச்சத்தை அடைவதில்லை. முதலில் சிவப்பு, அடுத்து மஞ்சள், அதன்பின் நீலம் என்று ஒன்றன்பின் ஒன்றாக உச்சத்தைத் தொடுகின்றன.

ஒரு வட்ட மேசையைச் சுற்றி மூன்று மாணவர்கள் அமர்ந்திருப்பதாகக் கொள்வோம். அவர்களுக்குச் சிவப்பு, மஞ்சள், நீலம் என்று பெயர் வைப்போம். இதே வரிசையில் அவர்கள் மாறி மாறிக் கை தட்டுகின்றனர். கண்ணை மூடிக் கேட்டால், கைத்தட்டல் ஒலி மேசையைச் சுற்றி ஒரே திசையில் ஓடுவது போலத் தோன்றும். மோட்டாருக்குள் மூன்று சுருள்களும் இப்படித்தான் முறை வைத்துக் காந்தமாகின்றன. காந்தப்புலம் வட்டமாகச் சுழல்கிறது. நடுவில் உள்ள சுழலி அதன் பின்னால் இழுபட்டுச் சுற்றுகிறது.

இப்போது மஞ்சளும் நீலமும் இருக்கையை மாற்றிக்கொள்கின்றனர். கை தட்டும் வரிசை மட்டும் மாறவில்லை. ஆனால், ஒலி மேசையை எதிர்த்திசையில் சுற்றும். மோட்டாரும் அப்படியே. மூன்று கம்பிகளுள் எவையேனும் இரண்டு இடம் மாறினால் அது எதிர்த்திசையில் சுழலும்.

மூவரும் ஆளுக்கோர் இருக்கை வலப்பக்கமாக நகர்ந்தால் என்ன ஆகும்? ஒலி முன்பு சுற்றிய திசையிலேயே சுற்றும். மூன்று கம்பிகளை ஆறு வகையாக இணைக்கலாம். அவற்றுள் மூன்று வகை ஒரு திசையையும் மற்ற மூன்று வகை எதிர்த்திசையையும் தரும். ஆகவே, கம்பிகளைக் கழற்றியவர் அடையாளம் இடாமல் மீண்டும் இணைத்தால், சரியாக அமைவதற்குப் பாதி வாய்ப்புதான் உண்டு. பூவா தலையா என்று காசைச் சுண்டிப் பார்ப்பதற்கு ஒப்பானது அது.

திசை தவறினால் வரும் கேடு

எல்லாக் காற்றழுத்திகளும் ஒரே மாதிரி பாதிக்கப்படுவதில்லை.

உந்துதண்டு, அதாவது பிஸ்டன், மேலும் கீழும் சென்று காற்றை அழுத்துவது ஒரு வகை. இதில் உள்ள தடுக்கிதழ்கள் காற்றின் அழுத்தத்தாலேயே திறந்து மூடுகின்றன. அதனால் சக்கரம் எந்தப் பக்கம் சுற்றினாலும் காற்று தொட்டிக்குள் சென்றுவிடும். நம் இளைஞர் ஏமாந்தது இதனால்தான். ஆனால், இவ்வகை இயந்திரங்கள் பலவற்றில் சக்கரத்தின் ஆரங்களே விசிறி இறக்கைகளாக அமைந்து உருளையைக் குளிர்விக்கின்றன. எதிர்த்திசையில் சுற்றினால் உருளைக்குப் போதிய காற்றோட்டம் கிடைக்காது, சூடு ஏறும். எண்ணெய் இறைக்கும் சிறு பம்பு உள்ள இயந்திரங்களில், பம்பு எதிர்ப்பக்கம் சுற்றினால் தேய்மானம் தடுக்கும் எண்ணெய் உரிய இடத்திற்குச் செல்லாமல் போகலாம். அன்றைக்கு எதுவும் தெரியாது. நாளடைவில் வளையங்கள் தேயும், இதழ்கள் கருகும், இயந்திரம் பழுதாகும். காரணம் என்னவென்று அப்போது யாருக்கும் நினைவிருக்காது.

மற்றொரு வகை திருகு காற்றழுத்தி. ஒன்றோடொன்று பின்னிச் சுழலும் இரண்டு திருகுகள் காற்றை அழுத்துகின்றன. திருகுகளுக்கு இடையே உள்ள இடைவெளி மிக மிக நுண்ணியது. அவை உரசாமல் காப்பது எண்ணெய். அந்த எண்ணெயைச் சுற்றி வரச் செய்வதோ தொட்டியில் உருவாகும் காற்றழுத்தம். திருகுகள் எதிர்த்திசையில் சுற்றினால் தொட்டியில் அழுத்தம் உருவாகாது; அழுத்தம் இல்லாவிட்டால் எண்ணெயும் வராது. நிமிடத்திற்கு ஏறத்தாழ 1450 முறை சுழலும் மோட்டார் ஐந்தே நொடிகளில் 120 முறைக்குமேல் சுற்றிவிடும். இத்தனை சுற்றுகளும் எண்ணெய் இன்றி நடந்தால் திருகுகளும் தாங்குருளைகளும் சூடேறி இறுகிவிடக்கூடும். காற்றழுத்தியின் பாகங்களுள் விலை மிகுந்தது இந்தத் திருகுப் பகுதியே.

பிஸ்டன் வகை மெல்லக் கெடுகிறது. திருகு வகை நொடிகளில் கெடுகிறது. ஆகவே, ஓட்டிப் பார்த்துவிட்டுப் பிறகு சோதிக்கலாம் என்பது இரண்டுக்கும் பொருந்தாது.

எப்போது சோதிக்க வேண்டும்?

நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் மோட்டார் தானாகத் திசை மாறுவதில்லை. யாரேனும் எங்கேனும் கம்பியைக் கழற்றி மாட்டிய பிறகே அது மாறுகிறது. புதிய இயந்திரத்தை நிறுவும்போதும், தொழிற்சாலை வேறு இடத்திற்கு மாறும்போதும், மோட்டாருக்குப் புதிய சுருள் சுற்றிய பிறகும், மின்வடத்தை மாற்றிய பிறகும் திசையைச் சோதிப்பது கட்டாயம். மின்வெட்டின்போது டீசல் மின்னாக்கியை இணைத்தாலும் அதன் முனை வரிசை வேறாக இருக்கக்கூடும்.

2021ஆம் ஆண்டு டிசம்பர் 18ஆம் நாள் பெய்த பெருமழையில் ஷா ஆலாம், தாமான் ஸ்ரீ மூடா உட்படக் கிள்ளான் பள்ளத்தாக்கின் பல பகுதிகள் வெள்ளத்தில் மூழ்கின. வீடுகளோடு தொழிற்கூடங்களிலும் நீர் புகுந்தது. நீரில் மூழ்கிய மோட்டாரை அப்படியே ஓட்டக்கூடாது. அதைக் கழற்றிச் சுத்தம் செய்து, உலர்த்தி, மின்காப்பைச் சோதித்து, தேவைப்பட்டால் புதிய சுருள் சுற்றிய பிறகே மீண்டும் இணைக்க வேண்டும். வெள்ளத்திற்குப் பின் வேலையை விரைவில் தொடங்க வேண்டும் என்ற அவசரம் எல்லாருக்கும் இருக்கும். நீரிலிருந்து மீட்ட இயந்திரத்தைத் திசைத் தவறால் இழந்துவிடக்கூடாது என்றால், அத்தகைய அவசர வேளையில்தான் இச்சோதனை மிகவும் தேவைப்படுகிறது.

சோதிக்கும் முறை

முதலில் அம்புக்குறியைத் தேட வேண்டும். தயாரிப்பாளர்கள் அதை வார்ப்பட்டைக் காப்பின்மேலோ, சக்கரத்தின்மேலோ, திருகுப் பகுதியின் உறைமேலோ பொறித்திருப்பார்கள். அம்புக்குறி அழிந்துபோயிருந்தால் இயந்திரத்தின் கையேட்டைப் பார்க்க வேண்டும். கையேட்டில் வலஞ்சுழி என்று இருந்தால், எந்தப் பக்கத்திலிருந்து பார்க்கும்போது வலஞ்சுழி என்பதையும் கவனிக்க வேண்டும். கண்ணாடிக் கடிகாரத்தைப் பின்புறமிருந்து பார்த்தால் முள் இடஞ்சுழியாகச் சுற்றுவது போலத் தெரியும் அல்லவா? மோட்டாரும் அவ்வாறே.

அடுத்தது மின்சாரத்தின் முனை வரிசையை அறிவது. இதற்கு முனை வரிசை காட்டி என்னும் சிறு கருவி உண்டு. அதன் மூன்று கம்பிகளை மின்முனைகளில் தொடுத்தால், வரிசை சரியா தவறா என்பதை விளக்கோ சுழல் தட்டோ காட்டிவிடும். ஆயினும், அது மின்சாரம் வரும் வரிசையை மட்டுமே சொல்லும். மோட்டாருக்குள் சுருளின் முனைகள் மாறி இணைக்கப்பட்டிருந்தால் அதற்குத் தெரியாது. எனவே, கண்ணால் பார்க்கும் சோதனையும் வேண்டும்.

கண்ணால் பார்க்கும் சோதனைக்கு இருவர் தேவை. ஒருவர் பொத்தான் அருகிலும், மற்றவர் சக்கரமோ விசிறியோ தெரியும் இடத்தில் பாதுகாப்பான தொலைவிலும் நிற்க வேண்டும். வார்ப்பட்டைக் காப்பைக் கழற்றக்கூடாது. தொட்டியில் காற்று இருந்தால் அதை வெளியேற்றிவிட வேண்டும். பின்னர், இயக்கும் பொத்தானை அழுத்திய உடனே நிறுத்தும் பொத்தானை அழுத்த வேண்டும். மோட்டார் ஓரிரு சுற்றுச் சுற்றினாலே போதும். அது எந்தப் பக்கம் நகரத் தொடங்குகிறது என்பதையும், நிற்கும்போது எந்தப் பக்கம் சுற்றி நிற்கிறது என்பதையும் மற்றவர் பார்த்துச் சொல்வார்.

முழு வேகத்தில் ஓடும்போது பார்த்துத் திசையை முடிவு செய்யக்கூடாது. குழல் விளக்குகள் சில நம் கண்ணுக்குத் தெரியாத வேகத்தில் மினுமினுக்கின்றன. அவ்வொளியில் வேகமாகச் சுழலும் சக்கரம் நின்றுவிட்டது போலவோ எதிர்ப்பக்கம் சுற்றுவது போலவோ மயக்கம் தரும். பெரியவர் நிறுத்தும் பொத்தானை அழுத்திவிட்டுச் சக்கரத்தைக் காட்டியதற்குக் காரணம் இதுதான். ஆனால், பொறுப்பான சோதனை என்றால் முள் ஏறும்வரைகூடக் காத்திருந்திருக்க முடியாது. அது திருகு காற்றழுத்தியாக இருந்திருந்தால் அதற்குள் கேடு நேர்ந்திருக்கும்.

திருத்தும் முறை

எவையேனும் இரண்டு கம்பிகளை இடம் மாற்றினால் திசை சரியாகிவிடும். ஆனால், எந்த இடத்தில் மாற்றுவது என்பதில்தான் அறிவு தேவைப்படுகிறது.

திருகு காற்றழுத்திகள் பலவற்றில் முனை வரிசை ரிலே என்னும் காவற்கருவி இருக்கும். மின்சாரம் தவறான வரிசையில் வந்தால் அது இயந்திரத்தை ஓடவிடாது. அவ்வாறு தடுத்தால், உள்ளே வரும் மின்வடத்தில்தான் பிழை உள்ளது. அங்கேயே இரண்டு கம்பிகளை மாற்ற வேண்டும். ரிலே தடுக்காமல் விட்டும் மோட்டார் எதிர்ப்பக்கம் சுற்றினால், பிழை ரிலேக்கு அப்பால் இருக்கிறது. அப்போது உள்வரும் கம்பிகளை மாற்றினால் ரிலே இயந்திரத்தையே நிறுத்திவிடும். அதற்காக ரிலேயை நீக்கிவிட்டு ஓட்டுவது, வீட்டுக் காவலாளியை அனுப்பிவிட்டுக் கதவைத் திறந்து வைப்பதற்குச் சமம்.

குளிர்விக்கும் விசிறிக்குத் தனி மோட்டார் இருந்தால் அதன் திசையையும் பார்க்க வேண்டும். முதன்மை மோட்டார் சரியாகச் சுற்றி விசிறி மட்டும் எதிர்ப்பக்கம் சுற்றினால், விசிறியின் இணைப்பில் மட்டுமே மாற்றம் செய்ய வேண்டும். உள்வரும் கம்பிகளை மாற்றினால் விசிறி திருந்தும். முதன்மை மோட்டார் கெடும். நட்சத்திர-முக்கோண இணைப்பில் தொடங்கும் பெரிய மோட்டார்களுக்கு ஆறு கம்பிகள் செல்கின்றன. அவற்றுள் இரண்டை மோட்டார் பெட்டியில் எண்ணிப் பாராமல் மாற்றினால், இரண்டாம் கட்டத்தில் இணைப்புகள் ஒன்றுக்கொன்று பொருந்தாமல் பெரும் மின்னோட்டம் பாயக்கூடும். ஆகவே, தொடக்கிக்குள் மின்சாரம் நுழையும் இடத்தில் மாற்றுவதே முறை.

மாற்றிய பின் மீண்டும் ஒருமுறை நொடிச் சோதனை செய்ய வேண்டும். பிறகு கம்பிகளின் நிறத்தையும் இடத்தையும் குறித்து வைக்க வேண்டும். அடுத்த முறை அவற்றைக் கழற்றப் போகிறவர் வேறொருவராக இருக்கலாம்.

உயிரினும் பெரிதில்லை இயந்திரம்

400 வோல்ட் மின்சாரம் உயிரைப் பறிக்கக்கூடியது. கம்பியைத் தொடுவதற்கு முன் மின்சாரத்தைத் துண்டித்து, அந்த விசையைப் பூட்டி, “வேலை நடக்கிறது, இயக்காதீர்” என்னும் அட்டையை மாட்ட வேண்டும். பூட்டின் சாவி வேலை செய்பவரிடமே இருக்க வேண்டும். அதன்பிறகும் மின்சாரம் இல்லை என்பதைச் சோதனைக் கருவியால் உறுதிப்படுத்திய பின்னரே கை வைக்க வேண்டும்.

இவ்வேலையை எவரும் செய்துவிட முடியாது. 1990ஆம் ஆண்டு மின்விநியோகச் சட்டமும் 1994ஆம் ஆண்டு மின்சார ஒழுங்குமுறைகளும் மின்சார வேலைகளுக்குத் தகுதி பெற்றவர்களை நியமிக்க வேண்டும் என்கின்றன. வயர்மேன், சார்ஜ்மேன் ஆகியோருக்கு எரிசக்தி ஆணையம் தகுதிச் சான்றிதழ் வழங்குகிறது. தொழிலாளர்களின் பாதுகாப்பை உறுதிசெய்வது முதலாளியின் கடமை என்பதை 1994ஆம் ஆண்டு தொழிலிடப் பாதுகாப்பு, சுகாதாரச் சட்டம் வலியுறுத்துகிறது. இத்துறையில் ஆர்வம் உள்ள மாணவர்கள் தொழிற்கல்லூரிகளிலும் தொழிற்பயிற்சிக் கழகங்களிலும் சேர்ந்து மலேசியத் திறன் சான்றிதழ் பெற்று முன்னேறலாம்.

மரத்தளவாடத் தொழிற்சாலைக்குத் திரும்புவோம். மின்சாரம் துண்டிக்கப்பட்டது, விசை பூட்டப்பட்டது, தொட்டியின் காற்று வெளியேற்றப்பட்டது. பெரியவர் இரண்டு கம்பிகளை இடம் மாற்றி இணைத்தார். இம்முறை அவர் பொத்தான் அருகே நின்றார். சக்கரத்தைப் பார்க்கும் பொறுப்பை இளைஞரிடம் கொடுத்தார். பொத்தான் ஒரு நொடி அழுத்தப்பட்டது.

“இப்போது என்ன சொல்கிறாய், தம்பி?”

இளைஞர் அழுத்தமானியைப் பார்க்கவில்லை. சக்கரம் முழுவதும் நிற்கும்வரை பார்த்தார். பிறகு அம்புக்குறியைப் பார்த்தார்.

“அம்பு காட்டும் பக்கமே சுற்றுகிறது, அண்ணே. இனி ஓட்டலாம்.”

கருத்துணர் கேள்விகள்

1. இயந்திரம் சரியாக இயங்குவதாக இளைஞர் முதலில் எண்ணியதற்குக் காரணம் என்ன?
2. மூன்று கம்பிகளும் ஒவ்வோரிடம் நகர்ந்தால் மோட்டாரின் திசை மாறாது. ஏன்? வட்ட மேசை எடுத்துக்காட்டைக் கொண்டு விளக்குக.
3. பிஸ்டன் காற்றழுத்தி, திருகு காற்றழுத்தி ஆகியவற்றில் திசைத் தவறு ஏற்படுத்தும் விளைவுகளை ஒப்பிடுக.
4. முனை வரிசை காட்டியின் சோதனை மட்டும் போதாது என்று கூறப்படுவதேன்?
5. “வீட்டுக் காவலாளியை அனுப்பிவிட்டுக் கதவைத் திறந்து வைப்பதற்குச் சமம்.” இவ்வுவமை எச்செயலைக் குறிக்கிறது? அது பொருத்தமானதா? உன் கருத்தை எழுதுக.
6. ‘ஓடுகிறது’ என்பதும் ‘சரியாக ஓடுகிறது’ என்பதும் ஒன்றல்ல. இக்கருத்தை உன் அன்றாட வாழ்வில் கண்ட ஒரு நிகழ்வோடு தொடர்புபடுத்தி 80 சொற்களில் எழுதுக.